பதினோராவது பத்தி

வழக்குப் போட்டது தப்பு என்று இன்றைக்கும் நான் சொல்ல மாட்டேன். போட வேண்டிய வழக்குதான் அது. ஆனால் அதில் நான் கையெழுத்திட்ட ஒரு பத்தி பொய். அந்தப் பொய்யால் ஒருவருடைய பிரின்சிபால் பதவி போனது. பதவியைவிடப் பெரிதாக இன்னொன்றும் போனது. கதையை முதலிலிருந்து சொல்கிறேன்.

பாளையங்கோட்டைப் பக்கத்தில் ஒரு உதவிபெறும் கல்லூரி. பெயர் வேண்டாம். தாவரவியல் துறையில் இருபத்து நான்கு வருஷமாகப் பாடம் நடத்துகிறேன். முனைவர் பட்டம் வாங்க எனக்கு எட்டு வருஷம் ஆனது. ஒரு நாள்கூட ஆராய்ச்சி விடுப்பு எடுக்கவில்லை. ஐந்து நாள் வகுப்பு, சனிக்கிழமை பஸ் ஏறி வழிகாட்டியின் வீடு, ஞாயிற்றுக்கிழமை மலையில் செடி பொறுக்குவது. என் மகள் எப்போது பெரியவளானாள் என்றே எனக்குச் சரியாகத் தெரியாது. இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. பின்னால் எனக்கு வந்த கோபம் எங்கிருந்து வந்தது என்று தெரிய வேண்டுமே, அதற்காகச் சொல்கிறேன்.

பிரின்சிபால் பணியிடம் காலியானபோது நான் விண்ணப்பித்தேன். என் துறையிலேயே எனக்கு ஐந்து வருஷம் இளையவரான ஒரு பேராசிரியையும் விண்ணப்பித்தார். நிர்வாகம் அவரை எடுத்தது. கல்லூரிச் செயலாளர் பழைய நிலக்காரக் குடும்பம். நிலம் போய்விட்டது, அந்தத் தோரணை மட்டும் போகவில்லை. ஏன் என்று நேரே போய்க் கேட்டேன்.

“உமக்கு எல்லாத் தகுதியும் இருக்கு வே. வாய்தான் கொஞ்சம் கூட” என்றார்.

பக்கத்தில் நின்ற கணக்கர் சிரித்தார். நான் வெளியே வந்து ஸ்கூட்டரை எடுத்தேன். அன்று சாயங்காலமே வக்கீலைப் பார்த்தேன்.

விதி இதுதான். பிரின்சிபால் ஆவதற்குப் பதினைந்து வருஷம் பாடம் நடத்திய அனுபவம் வேண்டும். முனைவர் பட்டத்துக்காக விடுப்பில் இருந்த காலம் அதில் சேராது. விடுப்பு எடுக்காமல் பாடமும் நடத்திக்கொண்டு ஆராய்ச்சியும் செய்தால் சேரும். அந்தப் பேராசிரியையின் சர்வீஸ் பதினாறு வருஷம் ஒன்பது மாதம். அதில் இரண்டு வருஷம் ஆராய்ச்சி விடுப்பு. கழித்தால் பதினாலு வருஷம் ஒன்பது மாதம். மூன்று மாதம் குறைகிறது. வெறும் மூன்று மாதம்தான், ஆனாலும் விதி விதிதான் என்று நினைத்தேன். எட்டு வருஷம் சனிக்கிழமை பஸ்ஸில் போனவனுக்கு அந்த மூன்று மாதம் இனித்தது.

அவர் போட்ட எதிர்மனுவில் ஒரு விஷயம் இருந்தது. விடுப்பின் கடைசி நான்கு மாதம் தான் கல்லூரிக்கு வந்து வகுப்பு எடுத்ததாகச் சொல்லியிருந்தார்.

அது உண்மை. அவர் எடுத்தது என் வகுப்பை.

அந்த வருஷம் எனக்கு மஞ்சள்காமாலை. ஒரு தடவை வந்து, சரியாகிவிட்டது என்று எழுந்து நடமாடும்போது திரும்பவும் படுக்க வைத்தது. கையில் சாதாரண விடுப்புகூடக் கிடையாது. எல்லாவற்றையும் மலைக்குப் போயே தீர்த்திருந்தேன். அவர் அப்போது ஆய்வேட்டைக் கொடுத்துவிட்டுச் சும்மா இருந்தார். விடுப்பை ரத்து செய்யுங்கள், வேலைக்கு வருகிறேன் என்று எழுதிக் கொடுத்தும் இருந்தார். ஆனால் அவருடைய இடத்தில் மாற்று ஆசிரியர் ஒருவர் அக்டோபர் வரைக்கும் நியமிக்கப்பட்டிருந்தார். ஒரு இடத்தில் இரண்டு பேர் இருக்க முடியாது, அதுவரை பொறுத்துக்கொள்ளுங்கள் என்று அலுவலகம் சொல்லிவிட்டது. எங்கள் துறைத்தலைவர்தான் யோசனை சொன்னார். “ஏம்மா, நீ வீட்டுல சும்மாதான இருக்க? அவன் வகுப்ப நீ எடு. பேரு அவன் பேருலயே இருக்கட்டும்.”

இதை யாரும் அப்போது தப்பாக நினைக்கவில்லை. எங்கள் துறையில் அது வழக்கம். மகள் பிரசவத்துக்குப் போனவருக்கும், கோயில் கொடைத் திருவிழாவுக்கு ஊருக்குப் போனவருக்கும் யாராவது வகுப்பு எடுப்போம். பதிவேட்டில் போனவர் பெயர் நிற்கும். திரும்பி வந்ததும் அவர் கையெழுத்தைப் போட்டுக்கொள்வார். இதற்கு உதவி என்றுதான் பெயர். நான் உடம்பு தேறி வந்த அன்று நான்கு மாதத்துக்கும் ஒரே உட்காரலில் கையெழுத்துப் போட்டேன். “ஒரே பேனாவுல போடாதலே, பாத்தாத் தெரிஞ்சிரும்” என்று துறைத்தலைவர் மூன்று பேனாவை எடுத்து மேஜையில் வைத்தார். அந்த மனிதர் இப்போது உயிரோடு இல்லை.

ஆக, தாளில் அந்த நான்கு மாதம் நான் பாடம் நடத்தினேன், அவர் விடுப்பில் இருந்தார். நடந்தது நேர் எதிர்.

அவர் தன் பக்கத்துச் சான்றாக ஒரே ஒரு பொருளைக் கொண்டுவந்தார். அந்த வருஷம் படித்த ஒரு மாணவனுடைய செய்முறை ரெக்கார்டு நோட்டு. அவன் கடலோரத்து உவரிக்காரன். நல்ல படம் போடுவான். தண்டின் குறுக்குவெட்டுத் தோற்றத்தை அவன் பென்சிலில் வரைந்தால் அச்சடித்த மாதிரி இருக்கும். படிப்பு முடித்து ஊரிலேயே மீன் வாங்கி உள்ளூர்ச் சந்தைகளுக்கு லாரியில் ஏற்றி அனுப்புகிறான். ஆனாலும் படங்களுக்காக அந்த நோட்டை வைத்திருந்திருக்கிறான். ஒவ்வொரு படத்துக்குக் கீழேயும் பச்சை மையில் அந்தப் பேராசிரியையின் சுருக்கக் கையெழுத்து, தேதியோடு. ஜூலையிலிருந்து அக்டோபர் வரைக்கும்.

வக்கீல் அதன் நகலை என் முன்னால் போட்டார். என்னைவிடச் சின்னவர், எங்கள் ஊர்க்காரர், உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் நல்ல பெயர்.

“அண்ணாச்சி, ஒண்ணு கேக்கேன். அவுக வகுப்பு எடுத்தாவளா?”

நான் நகலை மடித்து வைத்தேன்.

“சரி, எடுத்திருக்காவ. பதிவேட்டுல யாரு பேரு இருக்கு?”

“எம்பேரு.”

“பொறவு என்ன யோசன? உங்க பேருல இருந்தா அது உங்க வகுப்பு.”

“நான் அன்னைக்கி படுக்கையில கெடந்தேன்யா.”

“அத நீங்க எங்கயும் சொல்லப்பிடாது. சொன்னீயன்னா அவுக ஜெயிக்கது ரெண்டாவது. மொதல்ல உங்க சர்வீசுல கைய வைப்பான். கையெழுத்து உங்களுதுதான? வராத நாளைக்கி வந்ததாப் போட்டுருக்கீய.” நகலைக் கோப்புக்குள் சொருகினார். “தகுதி இருந்தும் ஏமாந்தவன்னுதான வந்தீய? இப்ப நீங்களே கதவச் சாத்திட்டுப் போறீயளா?”

பதில் மனுவைத் தயார் செய்தார்கள். இங்கிலீஷில் இருந்த பதினோராவது பத்தியைத் தமிழில் சொன்னால் இப்படி வரும்: மேற்படி காலத்தில் எதிர்மனுதாரர் எந்த வகுப்பும் எடுக்கவில்லை, அந்த வகுப்புகளை மனுதாரராகிய நானே எடுத்தேன், நோட்டில் உள்ள கையொப்பங்கள் வழக்குக்காகப் பின்னாளில் போடப்பட்டவை.

வீட்டில் படித்துக்கொண்டிருந்தபோது என் மனைவி எட்டிப் பார்த்தாள். அவளுக்கு இங்கிலீஷ் தெரியும். பள்ளிக்கூட டீச்சர்.

“நல்லா இருக்கே! நான் கீழாநெல்லி அரச்சுக் குடுத்துக்கிட்டு இருந்தேன். அவ சாயங்காலம் வந்து நின்னு, ‘இன்னைக்கி வேர் முடிஞ்சுது சார், நாளைக்கி தண்டு எடுக்கட்டுமா’ன்னு கேப்பா. நீங்க கட்டில்ல கெடந்துக்கிட்டே தல ஆட்டுவீய. இப்ப அவ வரவே இல்லங்கீய?”

“சட்டம் வேற, இது வேற. உனக்குப் புரியாது.”

“புரியாமலா சொல்லுதேன்? போடுங்க, போடுங்க. கையெழுத்துப் போடத்தான் உங்களுக்கு நல்லா வருமே.”

போட்டேன். கோபத்தில் போட்டேன் என்று சொன்னால் அதுவும் பாதிப் பொய். செயலாளர் மேல் கோபம் இருந்தது. ஆனால் கையெழுத்துப் போட்ட நேரத்தில் எனக்குள் இருந்தது பயம். அதுவரையான என் இருபத்திரண்டு வருஷத்தில் அந்த நான்கு மாதத்தைத் தொட்டால் மீதியும் சரியும் என்ற பயம். இதை எழுதும்போதுதான் ஒத்துக்கொள்கிறேன்.

பத்து நாள் கழித்து உவரிக்காரன் கல்லூரி வாசலில் என்னைப் பிடித்தான். லாரியைப் பைய ஓரங்கட்டிவிட்டு இறங்கி வந்தான். முப்பது வயதைத் தாண்டிய ஆள், இரண்டு பிள்ளைகளுக்கு அப்பன்.

“சார், நல்லா இருக்கீயளா? உடம்பெல்லாம் எப்படி இருக்கு?”

“நல்லா இருக்கேன்.”

“அன்னைக்கி மஞ்சக்காமாலையில கெடந்தீய. நாங்க நாலு பேரு வந்து பாத்தோம். ஆரஞ்சுப்பழம் கொண்டாந்தோம். ஞாபகம் இருக்கா?”

நான் ஸ்கூட்டர் சாவியைப் பைக்குள் தேடினேன்.

“எங்க நோட்டுல மேடம் கையெழுத்து பொறவு போட்டதுன்னு எழுதியிருக்கீயளாமே. அப்ப நான் என்ன சார், களவாணியா? கள்ள நோட்டத் தூக்கிட்டு கோர்ட்டுக்குப் போனவனா?”

“உன்ன ஒண்ணும் சொல்லலடே. அது வக்கீல் எழுதுனது.”

“கையெழுத்து வக்கீலா போட்டாரு?” என்று கேட்டான். கேட்டுவிட்டு, அவனுக்கே என்னை அப்படிக் கேட்டது சங்கடமாக இருந்திருக்க வேண்டும். “சரி சார், வாறேன். மீன் கெட்டுரும்” என்று லாரியில் ஏறிப் போய்விட்டான்.

ஊரில் எல்லோரும் என்னை வழக்கு ஜெயிக்கப் போகிறவனாகப் பார்த்தார்கள். ஜெயித்ததற்கு என் பொய் மட்டும் காரணம் இல்லை. நிர்வாகமும் தோற்க ஆசைப்பட்டது. பொறுப்பேற்ற முதல் வருஷமே அந்தப் பேராசிரியை மாணவர் சேர்க்கையைத் தரவரிசைப்படிதான் போடுவேன் என்று நின்றார். செயலாளர் கொடுத்தனுப்பிய சிபாரிசுச் சீட்டுகளைத் திருப்பி அனுப்பினார். அதோடு அவர் மேல் இருந்த பிரியம் போயிற்று. விடுப்பை ரத்து செய்யச் சொல்லி அவர் கொடுத்த கடிதமும், யாருக்குப் பதில் யார் வகுப்பு எடுத்தார் என்று குறித்த துறையின் பழைய நோட்டுகளும் கல்லூரி வைப்பறையில் துணியில் கட்டி இருப்பதை நானே பார்த்திருக்கிறேன். நீதிமன்றத்தில் நிர்வாகம் “ஆவணங்கள் கிடைக்கவில்லை” என்று ஒரு வரி எழுதிக் கொடுத்தது. அந்த வரி பொய் என்று எனக்குத் தெரியும். தெரிந்து என்ன செய்ய? அதுவும் என் பொய்யும் ஒரே கோப்பில் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன.

தீர்ப்பு நாளன்று மதுரைக்குப் போனேன். கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன். இரண்டு வரிசை தள்ளி அந்தப் பேராசிரியை உட்கார்ந்திருந்தார். முறையாகப் பராமரிக்கப்பட்ட வருகைப் பதிவேட்டை ஒரு மாணவனின் நோட்டை வைத்து மறுக்க முடியாது என்று தீர்ப்பு வந்தது. அந்தக் கையொப்பங்கள் சந்தேகத்துக்கு இடமானவை என்றும் ஒரு வரி இருந்தது. நியமனம் ரத்து. புதிதாகத் தேர்வு நடத்த வேண்டும்.

சந்தோஷமாகத்தான் இருந்தது. அதை மறைக்க மாட்டேன். பஸ் நிலையத்தில் ஒரு காபி குடித்தேன். இனிப்பாகப் போடச் சொல்லிக் குடித்தேன். கோவில்பட்டி தாண்டும்வரைக்கும்கூட அந்தச் சந்தோஷம் இருந்தது. அதற்குப் பிறகு, முறையாகப் பராமரிக்கப்பட்ட பதிவேடு என்ற வார்த்தை திரும்பத் திரும்பக் காதில் விழுந்துகொண்டே வந்தது. அந்த மூன்று பேனாவில் ஒன்று மை கசிந்தது. பக்கத்தில் தாளைக் கிழித்துத் துடைத்துக்கொண்டேதான் போட்டேன்.

புதிய தேர்வில் இரண்டு பேரும் விண்ணப்பித்தோம். வழக்கு நடந்த காலத்திலேயே அவருக்குக் குறைந்த அந்த மூன்று மாதமும் அதற்கு மேலும் சேர்ந்துவிட்டது. விதிப்படி இப்போது இரண்டு பேருக்கும் தகுதி இருந்தது. என்னிடம் நேர்காணலில் ஒரே கேள்வி கேட்டார்கள். கல்லூரியின் மேல் வழக்குப் போட்டவர் கல்லூரியை எப்படி நடத்துவார் என்று. அவரிடம் என்ன கேட்டார்கள் என்று தெரியாது. வெளியூரிலிருந்து ஒருவரை எடுத்தார்கள். செயலாளருக்குத் தூரத்துச் சொந்தம். தாளில் ஒரு குறையும் கிடையாது. விசாரித்துவிட்டேன்.

வராந்தாவில் செயலாளர் என்னைப் பார்த்துச் சிரித்தார். “நல்லாக் கேஸ் நடத்துனீரு வே. எங்க வேல பாதி மிச்சம்.”

வாய் கூட என்று பெயர் வாங்கியவன், வாயைத் திறக்கவில்லை.

அந்தப் பேராசிரியை துறைக்குத் திரும்பி வந்தார். துறைத்தலைவர் இப்போது நான். பருவம் தொடங்குவதற்கு முன்னால் பாடங்களைப் பிரிக்க உட்கார்ந்தோம். மூன்று இளைய ஆசிரியர்களும் இருந்தார்கள். மூன்றாம் வருஷத்து உள்ளமைப்பியல் மீதமிருந்தது. யார் எடுப்பது என்று கேட்டேன்.

“நான் எடுக்கேன் சார்” என்றார். எழுதப் போனேன். “ஒரு சந்தேகம். நான் எடுத்தா எடுத்ததா இருக்குமா, இல்ல பொறவு நீங்க எடுத்ததா ஆயிருமா?”

இளையவர்கள் மூன்று பேரும் செல்போனுக்குள் தலையை விட்டுக்கொண்டார்கள்.

எல்லோரும் போன பிறகு அவரை நிற்கச் சொன்னேன். என்ன சொல்வது என்று யோசிக்காமல்தான் நிற்கச் சொன்னேன்.

“மேடம், நாற்காலி உங்களுக்கும் இல்ல, எனக்கும் இல்லன்னு ஆயிட்டு. அப்பீல் போட்டுருக்கீயன்னு சொன்னாங்க. இன்னும் எதுக்கு?”

“நாற்காலிக்குன்னு நெனச்சீயளா?” கைப்பையைத் திறந்து தீர்ப்பின் நகலை எடுத்தார். ஒரு இடத்தில் பென்சிலால் கோடு போட்டிருந்தது. “நான் கள்ளக் கையெழுத்துப் போட்டவள்னு எழுதியிருக்கு சார். எம்பிள்ள இத வாசிச்சான். ‘அம்மா, நெசமா?’ன்னு கேட்டான். நான் என்ன சொல்லட்டும், நீங்க சொல்லுங்க.”

“நான் எழுதித் தாரேன்.”

“எனக்கு எதுக்கு? எனக்குத்தான் தெரியுமே. ஜட்ஜுக்கு எழுதுங்க.”

அவ்வளவுதான் பேச்சு. வகுப்புக்குப் போய்விட்டார்.

வக்கீலிடம் போனேன். அவர் முதலில் சிரித்தார், பிறகு கோபப்பட்டார். “அண்ணாச்சி, உங்களுக்குக் கிறுக்கா பிடிச்சிருக்கு? சத்தியம் பண்ணிக் குடுத்தத நீங்களே பொய்ங்கீய. கோர்ட்டு உங்க மேல வழக்குப் போடலாம். காலேஜு உங்க வேலையில கைய வைக்கலாம். ரிட்டயர் ஆவ இன்னும் மூணு வருசம் இருக்கு. பேசாம இரிங்க.” நான் எழுந்தேன். “நான் இதுல கையெழுத்துப் போட மாட்டேன், வேற ஆளப் பாருங்க” என்றார். அவர் சொன்னது முழுக்கச் சரி. வேறு ஆளைப் பார்த்தேன்.

புதிய பிரமாணப் பத்திரத்தை நானே தமிழில் எழுதினேன். புது வக்கீல் அதை இங்கிலீஷில் ஆக்கிக்கொடுத்தார். ஜூலையிலிருந்து அக்டோபர் வரை மூன்றாம் வருஷ வகுப்புகளை நான் எடுக்கவில்லை, அவர்தான் எடுத்தார், பதிவேட்டில் இருக்கும் கையெழுத்துகளை நான் பின்னால் போட்டேன், நோட்டில் இருக்கும் அவருடைய கையெழுத்துகள் அன்றன்றைக்குப் போட்டவை. தாக்கல் செய்வதற்கு முன்னால் நகலை அந்தப் பேராசிரியையிடம் கொடுத்தேன். ஆய்வகத்தில் நின்றுகொண்டே படித்தார். பிளேடால் தண்டு சீவிக் காட்டிக்கொண்டிருந்த கை, விரல் நுனியெல்லாம் சாயச் சிவப்பு. தாளின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு படித்தார்.

“இது தப்பு” என்றார்.

நான் தாளை எட்டிப் பார்த்தேன். “எது?”

“மூணாம் வருசம் மட்டுமா எடுத்தேன்? ரெண்டாம் வருசத்துக்கும் சேத்துத்தான எடுத்தேன். வாரத்துக்குப் பதினாறு மணி நேரம். பாதிய விட்டுட்டீயளே.”

எனக்கு அது நினைவே இல்லை. என் வகுப்புகளில் பாதியை அவர் எடுத்தது எனக்கு மறந்தே போயிருந்தது. நான் உண்மையைச் சொல்லுகிறேன் என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு கொண்டுபோன தாளிலும் பாதி இல்லை.

திரும்பவும் அடிக்கச் சொல்லி எடுத்துப் போனேன். இந்த முறை முழுசாகப் படித்தார். திருப்பிக் கொடுத்துவிட்டு மாணவர்களிடம் போனார். நன்றி சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்குத்தான் அசிங்கமாக இருந்திருக்கும்.

மனு தாக்கலாகிவிட்டது. மேல்முறையீடு இன்னும் விசாரணைப் பட்டியலில் வரவில்லை. அதற்குள் நிர்வாகம் எனக்கு மெமோ கொடுத்திருக்கிறது. வராத நாட்களுக்குக் கையெழுத்திட்டதற்கு உம்மேல் ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று பதினைந்து நாளுக்குள் விளக்கம் சொல்ல வேண்டும். கிடைக்கவில்லை என்று சொன்ன துறை நோட்டுகள் இப்போது அவர்களுக்குக் கிடைத்துவிட்டன. நகலையே இணைத்து அனுப்பியிருக்கிறார்கள்.

சங்கத்துக்காரர்கள் வந்து, “நெனவில்லன்னு எழுதிருங்க சார், பத்து வருசம் ஆச்சு, யாரு என்ன செய்ய முடியும்” என்கிறார்கள். என் மனைவி வெள்ளைத் தாளையும் அட்டையையும் மேஜையில் கொண்டுவந்து வைத்தாள். எத்தனை நாள், எந்தெந்த வகுப்பு, வாரத்துக்கு எத்தனை மணி நேரம் என்று கேட்டு எழுதிக்கொள்ள நாளைக்கு அந்தப் பேராசிரியையிடம் போக வேண்டும். என் நினைவை நம்பி இனி நான் எதையும் எழுதப் போவதில்லை.